மோபின் கொடுப்பது கருணைக்கொலை இல்லை

ஒருவர், "புற்றுநோய்க்காரருக்கு மோபின் (கடும் வலியைக் குறைக்கும் மருந்து) கொடுப்பதே கருணைக்கொலைதான். இந்தியாவில் 2018இலேயே ஊசி போட்டு முடிக்கலாம் என்று சட்டம் வந்துவிட்டது, இங்கே இலங்கையிலும் குடும்பம் கையெழுத்து வைத்தால் சரி" என்று எழுதியிருக்கிறார். மூன்றும் பிழை.

2018 மார்ச் 9ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றம் அனுமதித்தது வேறு. குணமாக வழியில்லாத நோயாளிக்கு செயற்கைச் சுவாசம் போன்றவற்றை நிறுத்தலாம், அந்த விருப்பத்தை முன்கூட்டியே எழுதியும் வைக்கலாம். அதற்கும் மருத்துவக் குழு பார்த்து முடிவு சொல்ல வேண்டும். ஊசி போட்டு உயிரை எடுப்பது அங்கே இன்றும் குற்றம். இலங்கையிலும் அப்படித்தான், யார் கையெழுத்து வைத்தாலும். தற்கொலைக்கு உடந்தையாக இருப்பதற்கே நமது தண்டனைச் சட்டக்கோவையின் 299ஆம் பிரிவு மரண தண்டனை சொல்கிறது.

எனக்கு ஆகவும் கவலை மோபின் கதையில்தான். உலக சுகாதார நிறுவனத்தின் அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் உள்ள மருந்து அது. வலிக்கு ஏற்ற அளவில் கொடுத்தால் ஆயுளைக் குறைக்காது. களுவாஞ்சிக்குடியில் எங்கள் மாமிக்கு நாலு மணித்தியாலத்துக்கு ஒருக்கா கொடுக்கச் சொன்னார்கள். இதே மாதிரிப் பேச்சைக் கேட்டு மகள் பயந்து மருந்தை அலுமாரிக்குள் வைத்துவிட்டாள். இரவு முழுக்க மாமி தலையணையைக் கடித்துக்கொண்டு கிடந்தா. திரும்பக் கொடுக்கத் தொடங்கிய பிறகுதான் எழும்பியிருந்து பிளேன்டீ கேட்டா.

வீட்டில் யாருக்காவது இந்த மருந்து எழுதியிருந்தால், தயவுசெய்து நீங்களாக நிறுத்தாதீர்கள். மலச்சிக்கலோ அதிக தூக்கமோ வந்தால் டொக்டரிடம் சொல்லுங்கள், அளவை அவர் பார்த்து மாற்றுவார்.