வளவு பூனைக்கு, வாடகை நமக்கு

"எங்க பூனை சொன்ன பேச்சே கேக்க மாட்டேங்குது"ன்னு புலம்புறவங்களுக்கு ஒரே பதில்தான். கேக்காது. நாளைக்கும் கேக்காது. அதைத் திருத்துற வேலையை விட்டுட்டு வீட்டைத் திருத்துங்க. காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர், கானாடுகாத்தான் பக்கம் பழைய செட்டிநாட்டு வீட்ல பூனையோட குடியிருக்கிறவங்களுக்கு இதை அழுத்தியே சொல்லணும். பர்மாவுல சம்பாதிச்சு, தேக்கு இறக்கி, முட்டை வெள்ளைக்கரு கலந்த சுண்ணாம்பு பூசிக் கட்டுன வீடு யாருக்கு வாகா அமைஞ்சிருக்குன்னு நிதானமாப் பாருங்க. காலையில வளவுல, அதாவது நடு முற்றத்துல, மேற்கே வெயில், சாயங்காலம் கிழக்கே வெயில். சித்திரை வெக்கைக்கு வயித்தை ஒட்டிப் படுக்க ஆத்தங்குடிக் கல்லுத்தரை. ராத்திரி உலாத்த ஓட்டுக்கூரை. நாளைக்கு 12 மணி நேரத்துக்குக் குறையாம தூங்குற பிராணிக்கு இதைவிட என்ன வேணும்?

பெரிய சண்டை தரையில ஆரம்பிக்குது. ஆத்தங்குடிக் கல்லு சூளையில சுட்டது இல்ல. சிமெண்டு, மணல், நிறப்பொடி சேர்த்துக் கண்ணாடி மேல வார்த்து எடுத்தது. பாக்கப் பளபளன்னு இருந்தாலும் ஈரத்தைக் குடிக்கும். பூனை மூத்திரத்துல இருக்கிற யூரிக் அமிலம் படிகமாத் தங்கிடும், தண்ணிக்கு லேசுல கரையாது. அதனாலதான் கோடையில போயிட்ட மாதிரி இருந்த நாத்தம் ஐப்பசி ஈரத்துல எந்திரிச்சு வருது. உடனே வினிகர், எலுமிச்சை, பாத்ரூம் ஆசிட்னு ஊத்தாதீங்க. கல்லு அரிச்சு வெளுத்துப்போகும், நாத்தம் அங்கேயே இருக்கும். அமோனியா கலந்த கிளீனரும் வேண்டாம். அது மூத்திரம் மாதிரியே மணக்குறதால, "ஓ, இதுதான் இடமா"ன்னு பூனை மறுபடி அங்கேயே வரும்.

செய்ய வேண்டியது இதுதான். ஈரமா இருக்கும்போதே பழைய வேட்டித் துணியை வச்சு அமுக்கி உறிஞ்சுங்க, தேய்க்காதீங்க. தேய்ச்சா நாலு கல்லுக்குப் பரவும். சோப்புத் தண்ணில ரெண்டு தடவை துடைச்சு, ஆப்பசோடா தூவி ராத்திரி விட்டுட்டு காலையில கூட்டுங்க. அதுக்கும் போகலைன்னா செல்லப்பிராணிக் கடையில என்சைம் கிளீனர் கிடைக்கும். பாட்டில்ல போட்டிருக்கிற நேரம் வரைக்கும் ஊறவிடணும். அஞ்சு நிமிசத்துல துடைச்சுட்டுக் காசு போச்சுன்னு சொல்றவங்கதான் அதிகம்.

ஃபினாயில் பத்தி ரெண்டு வார்த்தை. அது பூனைக்கு விஷம். பாதத்துல ஒட்டினதை நக்கி உள்ள தள்ளிடும், அதை முறிக்கிற சக்தி பூனை ஈரலுக்கு ரொம்பக் குறைவு. பாராசிட்டமாலும் அப்படித்தான். காய்ச்சல்னு பாவப்பட்டு ஒரே ஒரு மாத்திரை கொடுத்தாலும் உயிர் போயிடும்.

சரி, மண்தொட்டிக்கு வருவோம். தொட்டி பூனையோட நீளத்துக்கு ஒன்றரை மடங்கு இருக்கணும். வாய் அகன்ற பிளாஸ்டிக் தொட்டி, அஞ்சு அங்குல உயரம், அதுல மூணு அங்குலம் காஞ்ச மணல். பூனை எத்தனையோ அதுக்கு மேல ஒரு தொட்டி. சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்துல வைக்காதீங்க, தினம் ரெண்டு வேளை அள்ளுங்க. இவ்வளவு செஞ்சும் பக்கத்து வீட்டுக்காரர் கட்டட வேலைக்கு ஒரு லோடு எம்-சாண்டு இறக்கிட்டா நம்ம தொட்டிக்கு மவுசு போச்சு. அதுக்கு மருந்து இல்ல. ஆனா, கடுவன் பூனை தொட்டிக்குப் போய்ப் போய் முக்கியும் ஒரு சொட்டு வராம கத்துச்சுன்னா அது அடம் இல்ல, மூத்திரக்குழாய் அடைப்பு. அன்னைக்கே மருத்துவர்கிட்ட கொண்டு போகணும், விடியட்டும்னு உக்காரக் கூடாது.

தேக்குத் தூணைப் பிராண்டிடும்னு பயப்படுறவங்க உண்டு. வழவழன்னு மெருகேறின தூணை அது பெருசா மதிக்காது, நகம் மாட்டி இழுக்க நார் வேணும். கோரைப்பாய், சோபா, கண்டாங்கிச் சேலைக் கொசுவம், இதெல்லாம்தான் அது தேடுறது. நாலு அங்குல விட்டமுள்ள ஒரு கட்டையில 8 மில்லிமீட்டர் தடிமனுள்ள தென்னங்கயிறை இடைவெளி இல்லாம இரண்டரை அடி உயரத்துக்குச் சுத்துங்க. சுமாரா 33 மீட்டர் பிடிக்கும். அடிப்பலகை கனமா இருக்கணும், ஒரு தடவை ஆடிச்சுன்னா மறுபடி கிட்டக்க வராது. தூங்கி எந்திரிச்சதும் பிராண்டுற புத்தி அதுக்கு, அதனால படுக்குற இடத்துக்குப் பக்கத்துலயே நிறுத்துங்க. கொல்லையில முளைச்சுக் கிடக்கிற குப்பைமேனியை வேரோட பிடுங்கி, கழுவி, அந்த வேரைக் கயித்துல தேய்ச்சுவிடுங்க. பூனைவணங்கின்னு இன்னொரு பேரு அதுக்கு உண்டுல்ல, காரணத்தை அப்பப் பாப்பீங்க. எல்லாப் பூனையும் மயங்காது, குட்டிகளுக்கு ஒன்னுமே தோணாது. மயங்குறது கொஞ்ச நேரத்துக்குத் தன் மரியாதையை மொத்தமா இழந்து தரையில உருளும். சேலையில நகம் மாட்டிக்கிட்டா பின்னால இழுக்காதீங்க. பாதத்தைப் பிடிச்சு முன்னால, நகம் போன திசையிலேயே தள்ளுங்க. கழண்டுக்கும்.

சாப்பாட்டு விசயத்துல நம்ம ஊருக்கு ஒரு தனிச் சிக்கல். பூனைக்கு ஆகவே ஆகாதது வெங்காயமும் பூண்டும், ரத்தச் சிவப்பணுவை உடைச்சிடும். அது ரெண்டும் இல்லாம செட்டிநாட்டுக் குழம்பே கிடையாது. "எலும்பை மட்டும் அலசிப் போடுறேன்"னு சொல்ற ஆச்சிமார்களே, அலசினாலும் சாறு ஊறினது ஊறினதுதான், வெந்த எலும்பு பிளந்து தொண்டையிலயும் குத்தும். குழம்பு கூட்டுறதுக்கு முன்னாடியே அதோட பங்கை எடுத்து, உப்புக்கூடப் போடாம வேக வச்சிருங்க. 4 கிலோ பூனைக்கு ஒரு நாளைக்கு 200லேருந்து 250 கலோரி போதும், எலும்பில்லாத வெந்த கோழி 140 கிராம் சுமாரா அவ்வளவு வரும். கறியை மட்டுமே போட்டு வளர்த்தா சுண்ணாம்புச்சத்து பத்தாது, அதனால கடைப் பூனைத்தீனியும் சேர்த்தே கொடுங்க. கோழி இதயத்துல டாரின்ங்கிற சத்து நிறைய. அது குறைஞ்சா பூனைக்குக் கண்ணும் போகும், இதயமும் கெடும். வேக வச்ச தண்ணியைக் கொட்டாதீங்க, டாரின் பாதி அதுலதான் இறங்கியிருக்கும். தயிர்சாதத்துலயே வளர்ந்த பூனைன்னு பெருமை பேசுறதை நிறுத்திக்கலாம். பாலும் வளர்ந்த பூனைக்குப் பலதுக்குச் செரிக்காது, வயித்தால போகும். கும்மாயத்தை நக்குதேன்னு இனிப்புப் பிரியர்னு நினைக்காதீங்க, பூனைக்கு இனிப்பு ருசியே தெரியாது. அது நக்குறது உங்க நெய்யை.

முற்றத்துல வத்தல் காயவச்சா அதுமேல போய்ப் படுக்குதா? வத்தல் மேல ஆசையில்ல, சூடேறின வேட்டித் துணி மேல ஆசை. ரெண்டு அடி தள்ளி ஒரு அட்டைப்பெட்டியோ காலிச் சொளகோ வெயில்ல வைங்க, தொண்ணூறு சதவீதம் அங்க போயிடும். மிச்சப் பத்துக்குக் கொசுவலைதான்.

பூனை குட்டி போட்டா ஏழு வீடு மாத்தும்பாங்க. மத்த ஊர்ல அதுக்குத் தெருவெல்லாம் அலையணும். நம்ம ஊர்ல வளவைச் சுத்தி இருக்கிற அறைகளுக்கும் வீடுன்னுதான் பேரு, அதுவே ஏழுக்கு மேல தேறும், படியிறங்காமலே சடங்கை முடிச்சிடும். முதல் ரெண்டு வாரம் குட்டியைத் தொட்டுத் தொட்டுப் பாக்குறதுதான் பாதி இடமாத்தத்துக்குக் காரணம். ஒரு பக்கம் மட்டும் திறந்த பெட்டி, அடியில பழைய பருத்தித் துணி, இருட்டான மூலை, அதோட விலகிடுங்க. ஒரு குட்டியை நடுவழியில விட்டுட்டுப் போனாலும் உடனே தூக்காதீங்க, அது ரெண்டாவது நடைக்கு வரும். சினைக்காலம் ஒன்பது வாரம், பெட்டை அஞ்சாறு மாசத்துலயே பருவத்துக்கு வந்துடும். கருத்தடை பண்ணலைன்னா வருசக் கணக்கு எங்க போகும்னு நீங்களே போட்டுப் பாருங்க. நடுராத்திரி ஓட்டு மேல கடுவன்கள் நடத்துற கச்சேரியும், அதுல நகர்ற ஓடும், மழைக்கு ஒழுகுற பட்டாலைக் கூடமும் அந்தக் கணக்குலதான் சேரும்.

கடைசியா, திருவிழாவுக்கோ கல்யாணத்துக்கோ வந்துட்டு வீட்டைப் பூட்டிட்டுப் போறவங்களுக்கு. கிளம்புறதுக்கு முந்தின நாள் ராத்திரி எல்லா அறை வாசல்லயும் கோலமாவை மெல்லிசாத் தூவி வைங்க. காலையில பாதச்சுவடு எந்த அறைக்குள்ள போச்சு, திரும்பி வந்துச்சான்னு தெரிஞ்சிடும். முகப்புல கருவாட்டு டப்பாவைத் திறந்து வச்சுட்டு ஒரு மணி நேரம் காத்திருங்க. பத்தாயம், மாடிப்படி அடி, பீரோவுக்குப் பின்னாடி டார்ச் அடிச்சுப் பாருங்க. வந்த பூனைக்கு மடி கனத்து, காம்பைச் சுத்தி முடி இல்லாம இருந்தா உள்ள எங்கயோ குட்டி இருக்குன்னு அர்த்தம், அது போற வழியே பின்னால போங்க. தாயை வெளிய விட்டுக் குட்டியை உள்ள வச்சுப் பூட்டிட்டு சென்னைக்கு ரயிலேறினா, திருச்சி தாண்டுறதுக்குள்ள பக்கத்து வீட்டு ஆச்சி போன் பண்ணுவாக. அப்பறம்தான் ரெண்டாங்கட்டுச் சாவி எந்தப் பங்காளிகிட்ட இருக்குன்னு பேச்சு ஆரம்பிக்கும்.