நீல டிக் விழுந்தாச்சு, பதில் மட்டும் வரல

காதலின் ஆரம்ப நாட்களில் பலருடைய தூக்கத்தைக் கெடுப்பது சண்டை அல்ல, இந்த ஒரு வரிதான். 2014 நவம்பரில் வாட்ஸ்அப்பில் வந்த நீல டிக் சொல்வது ஒன்றே ஒன்று: சாட் திறக்கப்பட்டது. பஸ் நெரிசலில் திறந்தாரா, என்ன எழுதுவதென்று யோசிக்கிறாரா, அதற்குத் தெரியாது. மிச்சத்தை நம் மனசே எழுதிக்கொள்கிறது: 'நான் ஏதோ தப்பா பேசிட்டேன்.'

உடனே லாஸ்ட் சீன் பார்க்கிறோம். இரண்டு நிமிடம் நிம்மதி. வினையே அந்த நிம்மதிதான். பதறினால் எடுத்துப் பார், அடங்கும் என்று மூளை பழகிவிடுகிறது. அடுத்த பதற்றம் இன்னும் சீக்கிரம் வருகிறது. பதில் ஒருநாள் உடனே, ஒருநாள் ராத்திரி என்று வந்தால் இன்னும் மோசம். எப்போது கிடைக்கும் என்று தெரியாத இரைக்காகப் புறாக்கள் விடாமல் கொத்திக்கொண்டே இருக்கும் என்று உளவியலாளர் ஸ்கின்னர் சோதனையில் காட்டியது இதைத்தான்.

இது உங்கள் குறை என்று நினைக்காதீர்கள். 1987இல் உளவியலாளர்கள் ஹேசனும் ஷேவரும் செய்த ஆய்வில், 'இவருக்கு என்மேல் நிஜமாகவே அன்பு இல்லையோ' என்று அடிக்கடி கவலைப்படும் வகையில் தங்களைச் சேர்த்துக்கொண்டவர்கள் ஏறக்குறைய ஐந்தில் ஒருவர்.

முதல் வேலை, செட்டிங்ஸ், பிரைவசி போய் ரீட் ரிசீப்ட்ஸை அணையுங்கள். அவர் படித்தாரா என்பது உங்களுக்கும் தெரியாது. லாஸ்ட் சீன், ஆன்லைன் இரண்டையும் மறையுங்கள், அவருடையதும் மறைந்துவிடும். குரூப்பிலும் வாய்ஸ் நோட்டிலும் மட்டும் நீலம் தெரியும். முதல் சில நாள் கை துறுதுறுக்கும், பதற்றம் கூடும். அதைப் பார்த்து 'எனக்கு இது சரிவராது' என்று திரும்ப ஆன் செய்வதுதான் எல்லோரும் தவறும் இடம்.

'பிஸியா?', '?', 'சரி விடு' என்று அடுக்காதீர்கள். அனுப்பி அழித்தாலும் அழித்த தடம் அங்கே நிற்கும். ஸ்டேட்டஸில் சாடை பேசவே வேண்டாம். தோன்றியதை நோட்ஸில் எழுதி, ஒரு மணி நேரம் கழித்துப் படியுங்கள். பெரும்பாலும் அனுப்பத் தோன்றாது.

கேட்க வேண்டியதை நேராகக் கேளுங்கள். 'உனக்கு என்மேல அக்கறையே இல்ல' என்றால் அது குற்றச்சாட்டு. எதிராளி தற்காப்புக்குப் போய்விடுவார். 'வேலை நேரத்துல பதில் வேணாம், ராத்திரி பத்து நிமிஷம் பேசினா எனக்குப் போதும்' என்பதற்கு ஆமாம், இல்லை என்று பதில் சொல்ல முடியும். இப்படித் தெளிவாக இரண்டு மூன்று முறை கேட்டும் வாரக்கணக்கில் எதுவும் மாறவில்லை என்றால், அதற்குமேல் உங்கள் பதற்றத்தைக் குறை சொல்லாதீர்கள். அங்கே பதில் வந்துவிட்டது.

தூக்கமும் சாப்பாடும் இரண்டு வாரமாகக் கெட்டிருந்தால் 14416க்குக் கூப்பிடுங்கள். அது அரசின் மனநல உதவி எண், டெலி மானஸ். இலவசம், தமிழிலேயே பேசலாம்.