கதை கேட்ட பாலையா

'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் திகில் கதை சொல்லும் காட்சியை இன்றும் பலர் பகிர்கிறார்கள். எல்லோரும் அதை நாகேஷ் காமெடி என்றே குறிப்பிடுகிறார்கள். என்னைக் கேட்டால், அந்தக் காட்சிக்கான பாராட்டில் பாதிக்கு மேல் டி.எஸ்.பாலையாவுக்குச் சேர வேண்டியது. நாகேஷ் வாயாலேயே பின்னணி ஓசைகளை எழுப்பிக் கதையை வளர்த்துக்கொண்டு போக, பாலையாவுக்கு அங்கே பேசுவதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. மகனாக வரும் நாகேஷ் எடுக்கப்போகும் படத்தின் கதையைப் பணக்கார அப்பாவுக்குரிய தோரணையோடு கேட்க உட்கார்கிறவர், கொஞ்சம் கொஞ்சமாக அந்தத் தோரணை கழன்று, விழி பிதுங்கி, உடல் ஒடுங்கிப் போகிறார். நாம் சிரிப்பது கதைக்காக அல்ல, அந்த முகத்துக்காக.

நாடக மேடையிலிருந்து வந்த பாலையா, எம்.ஜி.ஆருக்கு முதல் படமான 'சதி லீலாவதி'யில் (1936) அவரோடு அறிமுகமானார். அதன் பிறகு நெடுங்காலம் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் வில்லன் வேடங்களே. பிற்காலத்தில் அவர் நகைச்சுவைக்கு மாறிவிட்டார் என்று சொல்வது வழக்கமாகிவிட்டாலும் எனக்கு அதில் உடன்பாடில்லை. 'மதுரை வீரன்' (1956) படத்தின் நரசப்பனையே எடுத்துக்கொள்ளுங்கள்: சூழ்ச்சிக்காரன்தான், ஆனால் தன்னைப் பற்றி அளவுக்கு மீறிய எண்ணமும் உள்ளுக்குள் பயமும் கொண்டவன். அதே ஆள்தான் பின்னர் 'காதலிக்க நேரமில்லை'யில் எஸ்டேட் முதலாளியாகவும் 'திருவிளையாட'லில் பாகவதராகவும் வந்தார். கதாசிரியர்கள் அவர் கையிலிருந்த கத்தியைப் பிடுங்கிக்கொண்டார்கள், அவ்வளவே.

'திருவிளையாட'லில் (1965) ஹேமநாத பாகவதர் அரசவையில் சீடர்கள் புடைசூழ 'ஒரு நாள் போதுமா' பாடும்போது, பாலமுரளிகிருஷ்ணாவின் குரலுக்கு வெறுமனே வாயசைக்காமல், ஒவ்வொரு சங்கதிக்கும் தன்னைத்தானே மெச்சிக்கொள்ளும் ஒரு வித்துவானை முகத்திலும் கையிலும் கொண்டுவருகிறார். பாண்டிய நாட்டையே பாட்டுக்கு அடிமையாக்க வந்த அந்த மனிதர், இரவில் ஒரு விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டு வெளியே வந்து, பாண்டிய நாட்டுப் பாடகரான பாணபத்திரர் தேறாதவன் என்று தள்ளிவிட்ட ஆள் இவன் என்று அறியும்போது, அவர் குரலிலிருந்த கனம் மொத்தமாக இறங்கிவிடுகிறது. ஒலிபெருக்கியை நம்பாமல் கடைசி வரிசை வரை குரலை எட்டச் செய்யப் பழகிய நாடகக்காரருக்குக் குரலை எங்கே அடக்குவது என்பதும் தெரிந்திருந்தது.

எல்லாப் படங்களிலும் இந்த அளவு இருந்தது என்று சொல்லமாட்டேன். சில பழைய படங்களில் வசனத்தை இழுத்து இழுத்து அவர் பேசுவது இப்போது பார்க்கையில் அலுப்பூட்டத்தான் செய்கிறது. ஆனால் 'பாமா விஜயம்' (1967) படத்தில், வரவுக்கு மேல் செலவழிக்கும் பிள்ளைகளைக் கண்டு புழுங்கும் தகப்பனாகவும், 'தில்லானா மோகனாம்பா'ளில் (1968) சிவாஜியின் நாதஸ்வரத்துக்குப் பக்கத்தில் தவில் வாசிக்கும் முத்துராக்குவாகவும் வரும்போது, கதாநாயகரை மறைக்காமல், தானும் மறையாமல் நிற்கிறார். அந்த வேலையை அவரளவுக்குச் செய்தவர்கள் என்று எனக்கு மிகச் சிலரையே சொல்லத் தோன்றுகிறது.

1972இல் அவர் மறைந்தார். அடுத்த முறை அந்தத் திகில் கதைக் காட்சியைப் பகிர்பவர்கள், கதை சொன்னவரின் பெயரோடு கேட்டவரின் பெயரையும் சேர்த்துப் போடுங்கள்.