பேத்திக்கு உரிமை இல்லையாம்

தென் அமெரிக்காவில் டச்சுக்காரர் ஆண்ட நாடு சுரினாம். அங்கே வாழ்ந்த தன் பாட்டியைப் பற்றி டெஸ்ஸா லியூவ்ஷா எடுத்த ஆவணப்படத்தை ஞாயிற்றுக்கிழமை திரையிட்டோம். அங்கு நடந்ததை எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். ஆனால் வாட்ஸ்அப் குழுவில், படம் முடிந்து எழுந்த ஒரு கேள்விக்கு இன்னும் கைதட்டல் விழுந்துகொண்டே இருக்கிறது.

"ஆம்ஸ்டர்டாமில பிறந்த மனுசிக்கு என்ன சுரினாம்? இன்னும் எவ்வளவு காலத்துக்கு இந்த அடிமைக் கதை?"

கேட்டது நம் அண்ணன் ஒருவர். சரி அண்ணா, டெஸ்ஸா லியூவ்ஷா பிறந்தது ஆம்ஸ்டர்டாமில்தான். அப்பா சுரினாம்காரர், அம்மா டச்சுக்காரர். பிறகு அவர் சுரினாமுக்கே போய்க் குடியேறினார். அதை ஏனோ யாரும் கேட்கவில்லை.

அவருடைய பாட்டி ஃபான்சி ஊரார் துணி துவைத்துப் பிழைத்தவர். அந்த வாழ்க்கையைப் பேத்தி பழைய காப்பகப் படச்சுருள்களைக் கொண்டே சொல்கிறார். ஆண்ட டச்சுக்காரர்களின் கேமராவுக்கு வேலை செய்யும் கைகள் தெரிந்தன, அவற்றுக்கு உரியவர்களின் பெயர்தான் தேவைப்படவில்லை. அந்தக் கூட்டத்துக்குள் தன் பாட்டியைத் தேடப் பேத்தி யாரிடம் அனுமதி வாங்க வேண்டும்?

பழைய கதையாம். 1863 ஜூலை 1இல் அடிமை முறையை ஒழித்தபோது தலைக்கு 300 கில்டர் (அன்றைய டச்சு நாணயம்) நட்ட ஈடு கொடுத்தார்கள், முதலாளிகளுக்கு. உழைத்தவர்களுக்குச் சல்லிக்காசு இல்லை, மேலும் பத்து வருடக் கட்டாய வேலைதான். அது முடிந்த 1873இல் கல்கத்தாவிலிருந்து லல்லா ரூக் கப்பலில் ஒப்பந்தக் கூலிகள் வந்து இறங்கிவிட்டார்கள். டச்சுப் பிரதமர் மன்னிப்புக் கேட்டது 2022 டிசம்பரில். அரசாங்கத்துக்கே 159 வருடம் பிடித்திருக்கிறது, பேத்தி மட்டும் சீக்கிரம் முடித்துவிட வேண்டும்!

குடும்பக் கதை வரலாறு ஆகுமா என்று ஒருவர் கேட்டிருந்தார். முதலாளி வாங்கிய 300 கில்டர் வரலாறு என்றால் ஃபான்சியின் சவர்க்கார நுரையும் வரலாறுதான். படம் மெதுவாகப் போகிறது என்பவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. தூக்கம் வந்தால் தூங்குங்கள்.

என் அம்மாயி இலங்கை மலையகத்தில், மஸ்கெலியாப் பக்கம் தேயிலைக் கொழுந்து பறித்தவர். விடியுமுன் பெரட்டுக்களத்தில், அதாவது ஆள் கணக்கெடுக்கும் இடத்தில், நிற்க வேண்டும், பிந்தினால் அன்றைக்குப் பேர் இல்லை, சம்பளமும் இல்லை. 1948இல் இலங்கை அரசு சட்டம் போட்டதில் குடியுரிமை போனது, நாடற்றவராகவே செத்தார். அடையாள அட்டைப் படம்கூட எங்களிடம் கிடையாது. தேயிலைப் பெட்டியில் கூடையோடு சிரிக்கும் பெண்ணைக் கண்டால் இன்றும் ஒரு நிமிடம் உற்றுப் பார்ப்பேன். பெட்டியில் தோட்டத்தின் பெயர் இருக்கும், அவள் பெயர் இருக்காது. இதைச் சொன்னால் "நீர் எல்லாத்தையும் மனசில எடுக்கிறீர்" என்பார்கள். வேறு எங்கே எடுப்பது?

'தோட்டக்காட்டார்' என்று மலையகத்தாரான எங்களை இளக்காரமாகச் சொல்லிப் பழகிய வாய்க்கு அடிமைக் கதை அலுப்பாகத்தான் இருக்கும்.

அண்ணா, உங்கள் மகள் பிறந்தது நெதர்லாந்தின் டென் ஹாக்கில். நாளைக்கு அவள் கேமராவோடு பருத்தித்துறைக்குப் போய் உங்கள் அம்மாவைப் படம் எடுத்தால், மண்டபம் பிடித்து, ரோல்ஸ் பொரித்து, எங்களையெல்லாம் கூப்பிட மாட்டீர்களா? அப்போது நான் பின்வரிசையிலிருந்து எழுந்து உங்கள் கேள்வியையே அவளிடம் கேட்கட்டுமா?