ஆழ்கடலின் கணக்கில் பதினைந்து ஆண்டுகள்

2007ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம், கலிபோர்னியாவை ஒட்டிய மான்டெரே கடலடிப் பள்ளத்தாக்கில், ஏறத்தாழ 1,400 மீட்டர் ஆழத்தில், ஆளில்லாக் கலம் ஒன்றை இயக்கிக்கொண்டிருந்த ஆய்வாளர்கள் பாறை ஒன்றை நோக்கி நகர்ந்துகொண்டிருந்த பெண் ஆக்டோபஸைப் பார்த்தார்கள். 38 நாள் கழித்து மீண்டும் போனபோது, அது பாறையின் செங்குத்தான முகத்தில் முட்டைகளை ஒட்டிவைத்து, அவற்றின்மேல் தன் கைகளைப் போர்த்திக்கொண்டு அமர்ந்திருந்தது. உடலில் இருந்த தழும்புகளை வைத்து அதே ஆக்டோபஸ்தான் என்று உறுதிசெய்துகொண்டார்கள். அதற்குப் பிறகு ஒவ்வொரு முறை போனபோதும் அது அங்கேயே இருந்தது. பக்கத்தில் நண்டும் இறாலும் ஊர்ந்து போயின. முட்டைகளை நெருங்காதவரை அவற்றை அது பொருட்படுத்தவில்லை. கலத்தின் கையால் நண்டுத் துண்டை நீட்டிப் பார்த்தார்கள், அதையும் ஏற்கவில்லை. தோல் வெளிறித் தளர்ந்தது, கண்கள் மங்கின, உடல் சுருங்கியது, முட்டைகள் மட்டும் வளர்ந்துகொண்டே இருந்தன. கடைசியாக அதைப் பார்த்தது 2011 செப்டம்பரில். அடுத்த மாதம் போனபோது தாய் இல்லை. குஞ்சுகள் வெளியேறிய வெற்று உறைகள் மட்டும் பாறையில் ஒட்டியிருந்தன.

மொத்தம் 53 மாதங்கள். யானையின் கருக்காலம் ஏறத்தாழ 22 மாதம் என்பதை நினைத்துக்கொண்டால் இது எவ்வளவு நீண்ட காவல் என்பது விளங்கும். அத்தனை மாதங்களிலும் அது எதையும் உண்டதை ஆய்வாளர்கள் ஒருமுறைகூடப் பார்க்கவில்லை.

இந்தச் செய்தியைப் படித்த நாளிலிருந்து, கடலைப் பற்றி நாம் பேசும் முறையில் ஒரு பெரிய பிழை இருப்பதாக எனக்குத் தோன்றிக்கொண்டே இருக்கிறது. கடலின் பரப்பைச் சொல்கிறோம், ஆழத்தைச் சொல்கிறோம், அதில் வாழும் உயிரினங்களின் எண்ணிக்கையைச் சொல்கிறோம். ஆனால் அங்கே காலம் எப்படிச் செல்கிறது என்பதைச் சொல்வதே இல்லை. ஆழ்கடலைப் பற்றி எடுக்கப்படும் முடிவுகள் எல்லாம் நிலத்தின் காலக்கணக்கை வைத்து எடுக்கப்படுகின்றன. அந்தக் கணக்கு அங்கே செல்லாது என்பதுதான் என் கருத்து.

இந்த மெதுவான வாழ்க்கைக்குக் காரணங்கள் தெளிவானவை. சூரிய ஒளியைக் கொண்டு உணவு தயாரிக்கும் நுண்பாசிகள் மேலே உள்ள 200 மீட்டருக்குள்தான் வாழ முடியும். 1,000 மீட்டருக்குக் கீழே நிரந்தர இருட்டு. மேலே உருவாகும் உணவில், இறந்த நுண்ணுயிர்களும் கழிவுகளும் துகள்களாகச் சேர்ந்து பனிபோல உதிர்ந்து இறங்கும் ஒரு சிறு பகுதி மட்டுமே, வாரக்கணக்கில் பயணம் செய்து, வழியெங்கும் தின்னப்பட்டு, மிச்சமாகக் கடலடியை எட்டுகிறது. அங்கே வெப்பநிலை பெரும்பாலும் 1 முதல் 4 பாகை வரைதான். இந்தக் குளிரில், இந்தப் பசியில், உயிர்ச்செயல்கள் எல்லாமே மெதுவாகின்றன: வளர்வது, பருவமடைவது, முட்டை பொரிப்பது, சாவதுகூட.

ஆழம் மட்டுமே இதற்குக் காரணம் என்று சொல்லிவிட முடியாது என்பதையும் இங்கே குறிப்பிட வேண்டும். 1977ஆம் ஆண்டு பசிபிக் கடலில் கலாபகோஸ் தீவுகள் அருகே ஏறத்தாழ 2,500 மீட்டர் ஆழத்தில் வெந்நீர் ஊற்றுகள் கண்டுபிடிக்கப்பட்டன. அங்கே வாழும் மாபெரும் குழாய்ப்புழுக்களுக்கு வாயும் இல்லை, குடலும் இல்லை. உடலுக்குள் குடியிருக்கும் பாக்டீரியாக்கள் ஊற்றிலிருந்து வரும் ஹைட்ரஜன் சல்ஃபைடைக் கொண்டு உணவு தயாரித்துக் கொடுக்கின்றன. உணவு தட்டுப்பாடில்லாமல் கிடைப்பதால் அந்தப் புழுக்களின் குழாய் ஓர் ஆண்டில் 85 சென்டிமீட்டருக்கும் மேல் வளர்ந்தது அளந்து அறியப்பட்டிருக்கிறது. ஆனால் அந்த ஊற்றுகள் பாலைவனச் சோலைகளைப் போன்றவை. அவற்றைச் சுற்றிப் பல்லாயிரம் கிலோமீட்டருக்கு விரிந்து கிடக்கும் சமவெளியில் பசிதான் சட்டம்.

ஆர்க்டிக் குளிர்நீரில் வாழும் கிரீன்லாந்து சுறாவின் வயதைக் கண்டறிந்த முறை என்னை மிகவும் கவர்ந்தது. அதன் கண்வில்லையின் நடுப்பகுதி, அது பிறக்கும் முன்பே உருவான புரதத்தால் ஆனது; வாழ்நாள் முழுவதும் அது மாற்றப்படுவதில்லை. 28 பெண் சுறாக்களின் கண்வில்லைகளில் கதிரியக்கக் கார்பனை அளந்து 2016ஆம் ஆண்டு வெளியான ஆய்வு, அவற்றில் மிகப் பெரிய சுறாவுக்குக் குறைந்தது 272 வயது இருக்கும் என்று காட்டியது. பெண் சுறா இனப்பெருக்கப் பருவத்தை அடையவே ஏறத்தாழ 150 ஆண்டுகள் ஆகின்றன. அப்படியானால் இன்று வலையில் சிக்கிச் சாகும் ஓர் இளம் சுறா, மூன்று நான்கு மனிதத் தலைமுறைகளாக வளர்ந்தும் இன்னும் ஒரு குட்டிகூட ஈனாததாக இருக்கலாம். ஹவாய் அருகே ஆழ்நீரில் எடுக்கப்பட்ட ஒரு கரும்பவளத்தின் வயது 4,265 ஆண்டுகள் என்று கணக்கிடப்பட்டது. அது உயிரோடு இருந்த பவளம்.

காலக்கணக்கைத் தவறவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு ஆரஞ்சு ரஃபி மீனே போதுமான சாட்சி. 1970களின் இறுதியில் நியூசிலாந்துக் கடலில் இந்த மீனைப் பெருமளவில் பிடிக்கத் தொடங்கினார்கள். முட்டையிடுவதற்காகக் கடலடி மலைகளைச் சுற்றி அவை பெருங்கூட்டமாகத் திரளும் என்பதால், ஒரே இழுவையில் டன் கணக்கில் கிடைத்தது. அள்ள அள்ளக் குறையாத வளம் என்று நம்பினார்கள். அந்த மீன் நூறு ஆண்டுகளுக்கு மேல் வாழும், முட்டையிடும் பருவத்தை எட்டவே 30 ஆண்டுகள்வரை எடுத்துக்கொள்ளும் என்ற உண்மை, பல கூட்டங்கள் அழியும் நிலைக்கு வந்த பிறகுதான் தெளிவாயிற்று. பிடிக்கப்பட்டவை பல தலைமுறைகளின் சேமிப்பு. அதை ஆண்டு வருமானம் என்று எண்ணிச் செலவழித்துவிட்டார்கள். 2006ஆம் ஆண்டு ஆஸ்திரேலியா அந்த மீனைப் பாதுகாப்பைச் சார்ந்து வாழும் இனமாக அறிவித்தது. மீன்களோடு சேர்த்து, அந்த மலைகளில் நூற்றாண்டுகளாக வளர்ந்திருந்த பவளங்களையும் இழுவலைகள் நொறுக்கின. அந்தச் சேதத்துக்கு ஈடு என்று எதைச் சொல்வது?

இப்போது அதே தவற்றை மிகப் பெரிய அளவில் செய்யவிருக்கிறோம் என்ற அச்சமே என்னை இதை எழுதவைத்தது. ஹவாய்க்கும் மெக்சிகோவுக்கும் இடையில், கிளாரியன்-கிளிப்பர்டன் என்ற பகுதியில், 4,000 முதல் 5,500 மீட்டர் ஆழத்தில், உருளைக்கிழங்கு அளவிலான கருங்கட்டிகள் கடலடி முழுவதும் இறைந்து கிடக்கின்றன. மாங்கனீசு, நிக்கல், செம்பு, கோபால்ட் ஆகியவை அவற்றில் இருக்கின்றன. 1872 முதல் 1876 வரை உலகக் கடல்களைச் சுற்றிவந்த சேலஞ்சர் கப்பல்தான் இத்தகைய கட்டிகளை முதன்முதலில் மேலே கொண்டுவந்தது. ஒரு கட்டியை அறுத்துப் பார்த்தால் மரத்தின் ஆண்டு வளையங்களைப் போல ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்த மெல்லிய அடுக்குகள் தெரியும்; நடுவில் ஒரு கல்துண்டோ, ஓட்டுச் சில்லோ, சில சமயம் எப்போதோ வாழ்ந்த சுறாவின் பல்லோ இருக்கும். அந்தப் பல்லைச் சுற்றி உலோகம் படியும் வேகம், பத்து லட்சம் ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர். அதைச் சுற்றி வண்டல் படியும் வேகமோ ஆயிரம் ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர், அதாவது ஏறத்தாழ ஆயிரம் மடங்கு அதிகம். அப்படியிருந்தும் கட்டிகள் புதைந்து போகாமல் மேலேயே கிடப்பதற்கு, சேற்றைக் கிளறித் திரியும் சிறு உயிர்களின் ஓயாத நடமாட்டமும் ஒரு காரணம் என்று கருதப்படுகிறது.

எந்த நாட்டின் எல்லைக்குள்ளும் வராத கடலடியை நிர்வகிக்கும் சர்வதேசக் கடலடி ஆணையம் இந்தப் பகுதியில் ஆய்வு ஒப்பந்தங்களை வழங்கியிருக்கிறது. ஓர் ஒப்பந்தத்தின் காலம் 15 ஆண்டுகள். அந்தப் 15 ஆண்டில் கட்டியின்மேல் படியும் உலோகத்தைக் கண்ணால் காணவே முடியாது. 2023ஆம் ஆண்டு வெளியான கணக்கீட்டின்படி அங்கே ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட விலங்கினங்கள் வாழ்கின்றன. அவற்றில் பத்தில் ஒன்பது பங்குக்கு அறிவியல் இன்னும் பெயர்கூட வைக்கவில்லை.

சேதம் ஆறுமா என்ற கேள்விக்கு ஒரு சோதனை விடை தந்திருக்கிறது. 1989ஆம் ஆண்டு ஜெர்மானிய அறிவியலாளர்கள் தென் அமெரிக்காவின் பெரு நாட்டை ஒட்டிய பசிபிக் கடலடியான பெரு வடிநிலத்தில், 4,100 மீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்தில், கடலடியை ஏர் போன்ற கருவியால் உழுதார்கள். சுரங்கப் பணி எத்தகைய பாதிப்பை உண்டாக்கும் என்று அறிவதே நோக்கம். 26 ஆண்டுகள் கழித்து, 2015இல் அங்கே மீண்டும் போனபோது, உழுத தடங்கள் நேற்றுப் போட்டவை போல அப்படியே கிடந்தன. ஊர்ந்து செல்லும் சில உயிர்கள் திரும்பியிருந்தன. ஒரே இடத்தில் ஒட்டி வாழ்பவை திரும்பவில்லை. அவை ஒட்டிக்கொள்ளக் கெட்டியான பிடிமானம் வேண்டும். அந்தச் சேற்றுவெளியில் கட்டிகளைத் தவிர வேறு பிடிமானம் அரிது.

மின்கலங்களுக்கு இந்த உலோகங்கள் தேவை, நிலத்தில் தோண்டினால் காடுகள் அழிகின்றன, ஆகவே கடலில் எடுப்பதே மேல் என்று சொல்கிறார்கள். இந்த வாதத்தை நான் எளிதாகத் தள்ளிவிடவில்லை. நிலத்துச் சுரங்கங்கள் செய்யும் அழிவு உண்மையானது. ஆனால் கடலில் தோண்டத் தொடங்கினால் நிலத்தில் தோண்டுவது நின்றுவிடும் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. மேலும், அழிக்கப்பட்ட காட்டில் மழை பெய்தால் சில ஆண்டுகளில் புதராவது முளைக்கும். கடலடியின் மேல்மட்டச் சேற்றைச் சில சென்டிமீட்டர் உறிஞ்சி எடுத்துவிட்டால், அந்தச் சில சென்டிமீட்டருக்குள்தான் அங்குள்ள உயிர்களில் மிகப் பெரும்பாலானவை வாழ்கின்றன என்பதால், எஞ்சுவது வெறும் களிமண்தான். கட்டிகள் மீண்டும் உருவாகப் பல பத்து லட்சம் ஆண்டுகள் ஆகும் என்றால், மனிதனின் கணக்கில் அதற்கு ஒருபோதும் இல்லை என்றே பொருள்.

ஆகவே, வணிகச் சுரங்கப் பணியை நிறுத்திவைக்க வேண்டும் என்று கோரும் முப்பதுக்கும் மேற்பட்ட நாடுகளின் பக்கம்தான் நான் நிற்கிறேன். ஐந்து ஆண்டு, பத்து ஆண்டு என்று நாள் குறித்துத் தள்ளிப்போடுவது போதாது. அந்த உயிர்களின் ஒரு தலைமுறையையாவது முழுமையாகக் கவனித்து முடிக்கும்வரை அங்கே இயந்திரம் இறங்கக்கூடாது. 1982ஆம் ஆண்டுக் கடல்சட்ட உடன்படிக்கை அந்தக் கடலடியை மனிதகுலம் முழுமைக்கும் பொதுவான மரபுச்செல்வம் என்று சொல்கிறது. அதன் உரிமையாளர்களில் பெரும்பாலோர் இன்னும் பிறக்கவே இல்லை.

பெரு வடிநிலத்தில் உழுத தடங்களைப் பார்க்கப் போன அந்தப் பயணத்தில், வெளிறிய ஆக்டோபஸ்கள் அடைகாப்பதையும் ஆய்வாளர்கள் பதிவுசெய்தார்கள். அவை முட்டைகளைச் சேற்றில் வைக்கவில்லை. உலோகக் கட்டியின்மேல் ஒட்டி வளர்ந்து, இறந்து, காம்பு மட்டும் நின்றிருந்த கடற்பஞ்சின் தண்டில் முட்டைகளை ஒட்டிவைத்து, அதைச் சுற்றித் தம் உடலை வளைத்துப் பிடித்திருந்தன. அந்த இடம் மான்டெரே பாறையைவிட மூன்று மடங்கு ஆழம், அதைவிடக் குளிர். அங்கும் அடைகாப்பு பல ஆண்டுகள் நீளும் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஏர் ஓடிய தடங்களில் அந்தக் காம்புள்ள கடற்பஞ்சுகள் 26 ஆண்டுகளுக்குப் பிறகும் முளைத்திருக்கவில்லை.