மேசன் அண்ணையின் முதுகு

போரிலிருந்து வீடு திரும்பிய சாதாரணப் படையினரைப் பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். தளபதிகளை விட்டுவிட்டு இவர்களைப் பேசியதற்கு நன்றி.

எங்கள் வீட்டுக்குப் பூச்சு வேலைக்கு வரும் மேசன் அண்ணை விடுதலைப் புலிகளின் முன்னாள் போராளி. 2009 மே மாதம் இலங்கைப் போர் முடிந்தபோது இராணுவத்திடம் சரணடைந்து, அரசின் புனர்வாழ்வு முடிந்து வந்தவர். முதுகில் ஷெல் துண்டு இன்னமும் இருக்கிறது. முள்ளந்தண்டுக்குக் கிட்ட என்பதால் எடுக்கவில்லை. சீமெந்துப் பை தூக்கினால் இரண்டு நாள் படுக்கைதான். ஆனால் வெளியே சொல்ல மாட்டார், சொன்னால் அடுத்த வேலைக்குக் கூப்பிட மாட்டார்கள். ஓய்வூதியம் என்று எதுவும் இல்லை. அரச படையில் அங்கவீனமானவர்களே ஓய்வூதியத்துக்காக 2016இல் கொழும்புத் தெருவில் இருந்து போராட வேண்டியிருந்தது. அப்படியிருக்க இவருக்கு யார் கொடுப்பார்கள்?

2002இல் போர்நிறுத்தத்தோடு யாழ்ப்பாணத்துக்கான ஏ9 பாதை திறந்த காலம், எங்கள் ஒழுங்கை முகப்புச் சென்ரியில் (காவலரணில்) நின்ற ஆமிப் பெடியன் ஒருநாள் அம்மாவிடம் தண்ணீர் கேட்டான். இருபது வயதுகூட இருக்காது. அம்மா தயங்கினா, பிறகு செம்பில் கொண்டுபோய்க் கொடுத்தா. அவன் இருக்கிறானோ தெரியாது. அம்மா இப்போதும் கேட்பா.

அடுத்த பகுதியில் பெண் போராளிகளைப் பற்றியும் எழுதுங்கள். தழும்பு தெரியாமல் இருக்க இந்த வெயிலிலும் நீளக்கைச் சட்டையோடு வேலைக்குப் போகிறவர்கள் எங்கள் ஊரில் இருக்கிறார்கள்.