ஒரே கோடையில் வந்த புகழ் அல்ல
டிராம்போன் என்ற ஊதுகருவி வாசித்த அமெரிக்க நடன இசைக் குழுத் தலைவர் கிளென் மில்லர், 1939 கோடையில், நியூயார்க் அருகே கிளென் ஐலண்ட் கேசினோ என்ற நடனக்கூடத்திலிருந்து வந்த வானொலி ஒலிபரப்புகளால் திடீரென்று உச்சிக்குப் போனார் என்று அவரைப் பற்றிய இந்தக் கட்டுரை சொல்வது பாதிதான் சரி. 1937-இல் அவர் தொடங்கிய முதல் நடனக் குழு எடுபடவில்லை. பணத்தையும் இழந்து, 1938 தொடக்கத்துக்குள் அதைக் கலைத்துவிட்டார். அடுத்த குழுவில்தான் கிளாரினெட் மெட்டை எடுத்துப் போக, டெனர் சாக்சபோன் ஒரு ஸ்தாயி கீழே அதையே வாசிக்க, மற்ற சாக்சபோன்கள் இடையை நிரப்பும் அந்த ஒலி நிலைத்தது. நான் ஊர் பாண்டு செட்டில் கிளாரினெட் வாசித்தவன். இப்படிச் சேர்ந்து வாசிக்கும்போது ஒருவர் சுருதி கொஞ்சம் விலகினாலும் மொத்தமும் சந்தைக்கடை ஆகிவிடும், ஒத்திகையில் அவ்வளவு திட்டு வாங்கியிருக்கிறேன். மேலே பின்னூட்டத்தில் ஒருவர், 'டிராம்போனில் மில்லர் சுமார்தான்' என்கிறார். சரி, இருக்கட்டுமே. முன்பு மில்லர் வாசித்த பென் போலக் இசைக் குழுவில், இன்னொரு டிராம்போன் கலைஞரான ஜாக் டீகார்டன் வந்து சேர்ந்ததும் மில்லருக்குத் தனி வாசிப்பு குறைந்துபோனது. அப்புறம்தான் பாட்டை வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதும் வேலையில் அதிகம் இறங்கினார். 1944 டிசம்பர் 15 அன்று ஆங்கிலக் கால்வாய்க்கு மேல் விமானத்தோடு காணாமல் போனதைப் பற்றி இரண்டு பத்தி எழுதிய கட்டுரையாளர், இந்த உழைப்புக்கு இரண்டு வரியாவது ஒதுக்கியிருக்கலாம்.